ஆண்டிமடத்துக்கு ஆட்சேபணை இல்லை

– அப்ப இனிமே ஆண்டிமடம் தொகுதின்னு ஒண்ணு கெடையாதுங்கிறீங்க?

– கெடையாது அம்சவள்ளி. பேப்பர்ல போட்டுட்டான். நம்ம தொகுதியைக் கலைச்சாச்சு. அடுத்த எலெக்‌ஷன்ல நாம எல்லாரும் ஜெயங்கொண்டம் தொகுதிக்குத்தான் ஓட்டுப் போடணும்.

– ஊரு இருக்குமில்ல மாமா?

– ஊரு எங்க போவும்? இருக்கும்.

– சந்தை?

– அதுவும் இருக்கும்.

– முந்திரிக்காடு, இந்தக் கொட்டகை, நாங்க ஒடைக்கிற கொட்டை?

– எல்லாம் இருக்கும் புள்ள. நான்தான் இருக்க மாட்டேன். நான் என்ன சொல்றேன்னா, தொகுதிங்கிறது வெறும் பேரு இல்ல. எங்க அப்பாரு ஓட்டுப் போட்ட தொகுதி. மாட்டுக் கொம்புல சின்னம் எழுதி ஊர்கோலம் விட்ட தொகுதி. இந்த ராசாங்கம் மூணு தடவை நின்ன தொகுதி.

– மூணு தடவை தோத்த தொகுதி.

– வெந்த புண்ணுல வேலைப் பாய்ச்சாத.

– வாய் தவறிடுச்சு மாமா. அந்தச் சாக்கு மேல உக்காராதீங்க, முந்திரிப் பால் ஒட்டியிருக்கும், வெள்ளை வேட்டி கெட்டுடும். இந்த முக்காலியில உக்காருங்க. வீரமணி வரலியா?

– உன் புள்ளை வெளிய ஜீப்புல உக்காந்திருக்கான். உள்ள வாடான்னேன். ‘அம்மாவைக் காலையிலதான் பார்த்தேன், நீங்க பேசிட்டு வாங்க பெரியப்பா’ங்கிறான். அவன் மொகமே சரியில்லை. என்னைவிட அவனுக்குத்தான் வருத்தம் போலருக்கு.

– இருக்கும், இருக்கும்.

– அன்னிக்கு அவன் மட்டும் காய்ச்சல்ல படுக்காம இருந்திருந்தா இப்படி ஆயிருக்குமா? திருச்சியில கமிஷன்காரங்க வந்து உக்காந்து, தொகுதியை இப்படி மாத்துறோம், யாருக்காவது ஆட்சேபணை உண்டான்னு சனங்களைக் கேட்டாங்க. நான் பத்து வேன் புடிச்சேன். பத்து வேன் பொம்பளைங்களும் அந்த மண்டபத்துல நின்னு ‘எங்க தொகுதியை எடுக்காதே’ன்னு ஒரு கொரல் குடுத்திருந்தா போதும்.

– பாடாலூர்ல ரோடு போட்டுக்கிட்டு இருந்தாங்களே மாமா. ஜல்லியை மலையாட்டம் கொட்டி வெச்சிருந்தான். வண்டி முன்னாலயும் போவல, பின்னாலயும் போவல.

– அதைத்தான் அன்னிக்கும் சொன்னே. நான் போன் போட்டா ஒருத்தியும் எடுக்கலை. மத்த ஊர்க்காரன் எல்லாம் லாரி லாரியா ஆளைக் கொண்டாந்து எறக்கியிருக்கான். என் முறை வந்துச்சு. மைக்கைப் புடிச்சு, ‘ஆண்டிமடம் தொகுதி மக்கள் சார்பாக’ன்னு ஆரம்பிச்சேன். மேடையில இருந்தவரு கண்ணாடியைக் கழட்டிட்டுக் கேக்குறாரு, ‘மக்கள் எங்கே?’ன்னு. பின்னால திரும்பிப் பார்த்தேன். நம்ம சனத்துக்குன்னு ஒதுக்குன பக்கம் பூரா காலி நாற்காலியா கெடக்கு. ஓரமா மைக்செட்டுக்காரன் நிக்கிறான். மண்டபமே சிரிச்சுது புள்ள.

– மைக்செட்டுக்காரனுமா?

– அவன்தான் மொதல்ல சிரிச்சான்.

– அடப்பாவமே.

– சரி, அது போவட்டும். இப்ப நான் எதுக்கு வந்தேன்னா, வெள்ளிக்கிழமை நாலு ரோட்டுல மறியல். கும்பகோணம் பஸ்ஸு, விருத்தாசலம் பஸ்ஸு, ஒண்ணு அசையக் கூடாது. பொம்பளைங்களை நீதான் திரட்டணும். நீ ஒரு வார்த்தை சொன்னா வரதராஜன்பேட்டை வரைக்கும் கொட்டை ஒடைக்கிறவ அத்தனை பேரும் எந்திரிச்சு வருவா.

– வருவாங்க. ரோட்டுல உக்காந்தா தொகுதியைத் திருப்பிக் குடுத்துடுவாங்களா மாமா?

– ஏன் குடுக்க மாட்டான்? அரியலூர் மாவட்டத்தைப் பாரு. பெரம்பலூர்லேருந்து பிரிச்சான். அப்புறம் வேணாம்னு திரும்பச் சேத்தான். இப்ப மறுபடி பிரிச்சுட்டான். மாவட்டமே போயிட்டுப் போயிட்டு வரும்போது தொகுதி வராதா?

– கோவிச்சுக்கிட்டுப் பொறந்த வூட்டுக்குப் போற பொண்டாட்டியாட்டம். ஆனா தொகுதி இருந்தப்பவும் எங்க ஊருக்குப் பஸ்ஸு காலையில ஒண்ணு, பொழுது சாய ஒண்ணுதானே மாமா. இனிமேலும் அதேதானே?

– நீ வெவரம் புரியாம பேசுற. நான் என்ன சொல்றேன்னா...

– அக்கா! வறுத்த கொட்டை ஆறிடுச்சு, எடுத்தாரவா? ஆத்தாடி, தலைவரா? கும்புடுறேன் தலைவரே. டீ வாங்கியாரட்டா?

– யாரு, சிந்தாமணியா? என்னடி இது தலை? ஆம்பளைப் புள்ளையாட்டம் கிராப்பு?

– கிராப்பு இல்லைங்க தலைவரே, மொட்டை. மொட்டை வளந்து இப்பத்தான் காதைத் தொட்டிருக்கு. இத்தனை நாளா முக்காடு போட்டுக்கிட்டே திரிஞ்சேன்.

– யாருக்கு வேண்டுதல்?

– சமயபுரத்தாளுக்குத்தான்.

– எப்ப போனே? சொல்லியிருந்தா நானே வண்டி வெச்சு அனுப்பியிருப்பேனே.

– நீங்க அனுப்புன வண்டியிலதான் தலைவரே போனோம்!

– சிந்தாமணி, நீ உள்ள போ.

– இருக்கா. தொகுதி போற வரைக்கும் வாயைத் தொறக்க மாட்டோம்னுதானே கோயில்ல சூடத்தை அணைச்சு சத்தியம் பண்ணோம்? அதான் போயிடுச்சே. பேப்பர்லயே போட்டுட்டான்னு தலைவரு சொன்னதை நான் அந்தண்டை நின்னு காதால கேட்டேன். இனிமே சொன்னா சாமிகுத்தம் ஆவாதில்ல? வயித்துக்குள்ளயே வெச்சு வெச்சு எனக்கு வாயு புடிச்சுக்கிச்சுக்கா.

– என்னடி சொல்ற? எந்த வண்டி?

– திருச்சிக்குப் பத்து வேன் விட்டீங்களே தலைவரே, அதுதான். சமயபுரம் கைகாட்டி வந்ததும் பத்தும் திரும்பிடுச்சு. நல்ல தரிசனம். நீங்க குடுத்தனுப்புன பொட்டலத்தைக் கோயில் மண்டபத்துல பிரிச்சு சாப்பிட்டோம். புளிசாதம் நல்லாருந்துச்சு, கொஞ்சம் உப்புதான் கம்மி. அதுலயும் முன் வண்டியை யாரு ஓட்டிட்டு வந்தது தெரியுமா...

– சிந்தாமணி! டீ வாங்கியான்னு சொன்னேன்.

– எங்கக்கா சொன்னே? சரி, போறேன், போறேன். மொறைக்காத.

– அம்சவள்ளி, அவ என்ன ஒளறிட்டுப் போறா?

– உங்களுக்குக் காது நல்லாத்தானே மாமா கேக்குது.

– பாடாலூர்ல ரோடு வேலைன்னே.

– ரோடு வேலை நடந்துச்சு, அது நெசம். ஓரமா வண்டி போக வழி விட்டிருந்தாங்க, அதுவும் நெசம்.

– எவன் திருப்புனான் வண்டியை? முன் வண்டி போற பக்கந்தான் மத்த வண்டி எல்லாம் போவணும்னு சொல்லி அனுப்புனவன் நான். முன் வண்டிக்கு அந்த சுரேஷ்குமாரைப் போட்டிருந்தேன். அவனா?

– அவன் என்ன பண்ணுவான் பாவம். ஜெயங்கொண்டம் தாண்டுனதும் ஸ்டியரிங்கைக் குடுத்துட்டுப் பின்னால போயி பொம்பளைங்களோட உக்காந்துட்டான்.

– யாருகிட்ட குடுத்தான்?

– அது கெடக்கட்டும்.

– யாருகிட்டன்னு கேக்குறேன்.

– கெடக்கட்டும்னு சொல்றேன்ல.

– ஏன் புள்ள? உனக்கு நான் என்ன கொறை வெச்சேன்? இந்தக் கொட்டகையை உன் பொறுப்புல விட்டேன். உன் புள்ளையைப் பாலிடெக்னிக்ல படிக்க வெச்சேன். என் வூட்டுல ஒருத்தனாத்தானே அவனை வெச்சிருக்கேன்? என் ஜீப்பையே அவன் கையில குடுத்திருக்கேனே.

– தொண்ணூத்தாறு.

– என்ன தொண்ணூத்தாறு?

– அந்த வருசந்தானே நீ மொத தடவை நின்னே. சுயேச்சை. தையல் மிஷின் சின்னம்.

– மரியாதை கொறையுது அம்சவள்ளி.

– கொறையட்டும். பதினோரு வருசமா குடுத்தது போதும். ஓட்டு முடியுற நேரத்துல, நமக்கு விழலைன்னு தெரிஞ்சதும், ஓட்டுப் பொட்டியைத் தூக்கிக் கெணத்துல போடச் சொன்னது யாரு?

– பசங்க ஏதோ வேகத்துல...

– பசங்க இல்ல. நீ. ஜீப்புல உக்காந்தபடியே கையைக் காட்டுனே. எம் புருசன் ஸ்டியரிங்கைப் புடிச்சபடி உக்காந்திருந்தான். எறங்கக்கூட இல்ல அந்த மனுசன். போலீஸ் தேடி வருதுன்னதும் எங்க வூட்டு வாசல்ல வந்து நின்னே. ‘முத்துசாமி, நீ எனக்குப் பங்காளி, கூடப் பொறந்த தம்பிக்குச் சமானம். பொட்டியை நான்தான் போட்டேன்னு ஒத்துக்க. நான் உள்ள போனா என் அரசியல் போச்சு. நீ போனா தீவாளிக்கு முன்னால வெளிய எடுத்துடறேன்’னே. சொன்னியா இல்லியா?

– சொன்னேன்.

– அவன் தயங்குனான். அய்யனார் கோயில்ல என் கண்ணெதிர்ல சூடத்தை ஏத்தி, உள்ளங்கையால அடிச்சு அணைச்சு சத்தியம் பண்ணே. அதுக்கப்புறந்தான் போனான்.

– வக்கீல் ஏற்பாடு பண்ணேன். அந்த வக்கீல் சரியில்லை.

– எந்த வக்கீலு? அவரு மூஞ்சியை நீ பார்த்திருக்கியா? ஒவ்வொரு வாய்தாவுக்கும் நான் கோர்ட்டு வாசல்ல நிப்பேன். எம் புருசன் கூண்டுல நின்னுக்கிட்டுப் பின்னால திரும்பித் திரும்பிப் பார்ப்பான். அண்ணன் வருவாரு, அண்ணன் வக்கீலோட வருவாருன்னு. நீ வரலை. தீவாளி போச்சு, பொங்கலும் போச்சு. ஜெயில்ல மஞ்சக்காமாலை கண்டு பொணமாத்தான் வெளிய வந்தான்.

– அதுக்கு நான் அழாத நாள் இல்ல.

– அழுதே. மைக் புடிச்சு அழுதே. சுடுகாட்டுக்கு மைக்செட்டு கொண்டாந்த ஒரே ஆளு நீதான். ‘தியாகி முத்துசாமி’ன்னே. அடுத்த எலெக்‌ஷனுக்கு ஊர் ஊரா சொவத்துல எழுதுனே, ‘தியாகி முத்துசாமி கண்ட கனவு, தையல் மிஷினுக்கே நம் ஓட்டு’ன்னு. எம் புருசனுக்கு ஒரு ஊசியில நூல் கோக்கத் தெரியாதுய்யா.

– அவ்வளவு ஆத்திரம் இருந்தா அப்பவே என்னை வெட்டிப் போட்டிருக்கலாமே.

– வெட்டியிருந்தா நீயும் தியாகி ஆயிருப்பே.

– அம்சவள்ளி...

– உக்காரு. எந்திரிக்காத. காடு காடா முந்திரி வெச்சிருக்கியே, என்னிக்காவது ஒரு கொட்டையை ஒடைச்சிருக்கியா? அதோட பால் கையில பட்டா அந்த நேரத்துல ஒண்ணும் தெரியாது. சாம்பலைத் தடவிக்கிட்டு வேலையைப் பார்ப்போம். அப்புறந்தான் கொப்புளிக்கும். அப்புறந்தான் தோலு உரியும். நானும் சாம்பலைத் தடவிக்கிட்டு உன் பக்கத்துலயே உக்காந்திருந்தேன்.

– அப்ப ரெண்டாயிரத்து ஒண்ணுல நான் தோத்ததும் உன் வேலைதானா?

– சேலையும் சூடமும் குடுத்து என்னைத்தானே அனுப்புனே. ‘பொம்பளைங்ககிட்ட சத்தியம் வாங்கிட்டு வா, பொம்பளை சூடத்தை அணைச்சுட்டா மீற மாட்டா’ன்னே. வாங்கிட்டு வந்தேன்.

– வாங்குனியே! நானே பார்த்தேன். கோயில் வாசல்ல வரிசையா நின்னு, ஒவ்வொருத்தியும் குனிஞ்சு கையால அணைச்சா.

– ஜீப்புல உக்காந்து தூரத்துலேருந்து பார்த்தே. எறங்கி வந்து, என்னன்னு சத்தியம் பண்றாங்கன்னு கேட்டியா?

– என்னன்னு பண்ணாங்க?

– ‘எந்தச் சின்னத்துக்கு வேணாலும் போடுவேன், தையல் மிஷினுக்குப் போட மாட்டேன்.’

– அடிப்பாவி.

– பொம்பளை மீற மாட்டான்னு நீ சொன்னது சரிதான். ஒருத்தியும் மீறலை. ரெண்டாயிரத்து ஆறுலயும் அதே சத்தியம். சூடம் உன் செலவு.

– ரெண்டு தடவையும் கரைக்கு வந்து முழுகிப் போனேனே! இந்த ஊருப் பொம்பளைங்க என் பக்கம்னு நம்பி, மத்த ஊர்லயெல்லாம் நாயா அலைஞ்சேனே!

– அலைஞ்சே. நானும் கூடத்தானே அலைஞ்சேன். தோத்துட்டு வந்தப்ப உனக்கு மோர் கரைச்சுக் குடுத்தது யாரு? நான்தான்.

– சரி. தோக்கடிச்சே. இந்தத் தடவையும் தோக்கடிச்சுட்டுப் போயேன். தொகுதி என்ன பாவம் பண்ணுச்சு?

– தோத்தா நீ திரும்ப வருவே. அஞ்சு வருசம் கழிச்சு வேட்டியை வெளுத்துக் கட்டிக்கிட்டு, எம் புருசன் பேரைச் சொல்லிக்கிட்டு வருவே. நிக்கிற மண்ணே இல்லேன்னா எங்க வருவே? ஜெயங்கொண்டத்துல உன்னை யாருக்குத் தெரியும்? அங்க நீ கட்சிக் கூட்டத்துல நாற்காலி எடுத்துப் போடுறவன்.

– அந்தப் பத்து வேனும் வந்திருந்தா தொகுதி நின்னிருக்கும்டி.

– நின்னிருக்குமோ நிக்காதோ, எனக்குத் தெரியாது. சனத்தொகையைக் கணக்குப் போட்டுக் கோடு கிழிக்கிறவன் கொட்டை ஒடைக்கிறவ பேச்சையா கேட்டிருக்கப் போறான்? எனக்கு வேண்டியது அது இல்ல. மைக்கைப் புடிச்சுக்கிட்டுப் பின்னால திரும்பிப் பார்த்தியே, ஒரு சனம் இல்லியே, அதுதான் எனக்கு வேணும். கூண்டுல நின்னு எம் புருசன் திரும்பிப் பார்த்தானே, அந்தப் பார்வை என்னன்னு நீ ஒரு தடவையாவது பார்க்கணும். பார்த்தியா?

– பார்த்தேன்.

– அது போதும்.

– போதுமா? ஹூம்.

– என்ன சிரிப்பு?

– உன் சாமர்த்தியத்தை நெனைச்சேன், சிரிப்பு வந்துச்சு. பத்து வேனைத் திருப்புனியே, யாரு சீட்டைக் கவுத்தேன்னு தெரியுமா உனக்கு?

– நீயே சொல்லு.

– எனக்கு ஏது சீட்டு? போன தடவை தோத்துட்டுக் கட்சியில போயி சேந்த அன்னிக்கே சொல்லிட்டாங்க. ‘மூணு தடவை தோத்த மூஞ்சி வேணாம் ராசாங்கம், சின்னப் பையனா ஒருத்தன் பேரைச் சொல்லு, அடுத்த தடவை ஆண்டிமடம் அவனுக்கு’ன்னாங்க. சொல்லிட்டேன். எலெக்‌ஷன் வரும்போது அவனுக்கு இருபத்தஞ்சு முடிஞ்சிருக்கும். யாருன்னு கேளேன்.

– சொல்லு.

– வீரமணி. நீ பெத்த வீரமணி. எனக்குப் புள்ளையா குட்டியா? அய்யனார் கோயில்ல அணைச்ச சூடம் என் கையில இன்னும் எரியுது அம்சவள்ளி. நீ நம்ப மாட்டே. அப்பனுக்குச் செய்யாததை மவனுக்குச் செஞ்சுட்டுப் போயிடலாம்னு இருந்தேன். தியாகி முத்துசாமி மகன்னு சொல்லி அவனை நிறுத்துனா இந்தத் தொகுதியில ஒருத்தன் எதிர்ல நிக்க முடியுமா? எம்.எல்.ஏ. ஆயிருப்பான். கார்ல வந்து இந்தக் கொட்டகை வாசல்ல எறங்கியிருப்பான். அந்தத் தொகுதியைத்தான் நீ சமயபுரத்துல மொட்டை அடிச்சுட்டு வந்திருக்கே. நீ என்னைக் கவுக்கலை புள்ள. பெத்த புள்ளையைக் கவுத்துட்டே. இதை நெனைச்சு நெனைச்சு அழு.

– தியாகி முத்துசாமி மகன். மறுபடியும் சொவரு.

– சொவருதான். சொவத்துல எழுதாம எவன் ஜெயிச்சான்? அவன் வெளியதான் இருக்கான். இப்பவே கூப்பிட்டுச் சொல்றேன், உன் வாழ்க்கையில மண்ணள்ளிப் போட்டது உங்கம்மாதான்டான்னு. அதுக்கப்புறம் உன் மூஞ்சியில முழிக்கிறானான்னு பார்ப்போம்.

– கூப்பிடு. அதுக்கு முன்னால ஒண்ணு. சீட்டு அவனுக்குத்தான்னு அவன்கிட்ட என்னிக்குச் சொன்னே?

– திருச்சிக் கூட்டத்துக்கு மொத வாரம். ஜீப்புல வரும்போது சொன்னேன்.

– என்ன சொன்னான்?

– கண்ணுல தண்ணி வந்துடுச்சு அவனுக்கு. ‘யோசிச்சு சொல்றேன் பெரியப்பா’ன்னான்.

– யோசிச்சான். நேரா இங்க வந்து, இப்ப நீ உக்காந்திருக்கிற முக்காலியிலதான் உக்காந்து யோசிச்சான். ‘அப்பா பேரை மறுபடி சொவத்துல எழுதப் போறாரும்மா, பக்கத்துல என் பேரும் இருக்குமாம்’னான். நான் கூட ஏதாவது சாக்கு சொல்லி ரெண்டு வேனை நிறுத்தலாம்னுதான் இருந்தேன். பத்தையும் திருப்பணும்னது நான் இல்ல.

– பின்ன யாரு?

– முன் வண்டியை யாரு ஓட்டுனதுன்னு கேட்டுக்கிட்டே இருந்தியே. அன்னிக்குக் காய்ச்சல்ல படுத்துக் கெடந்தானே, அவன்தான். வெளிய ஆரன் அடிக்கிறான் பாரு, போயி ஏறிக்க.